பிச்சிப்பூச் சந்தில் பதினோரு அவுட்டோர்

1. ஆறும் ஒரே நேரத்தில்

சித்திரை மாதம், முகூர்த்த நாள், மத்தியானம் ஒன்றரை மணி. ஒரு ஜவுளிக்கடையில் ஏசி நிற்பதற்கு இதைவிட மோசமான நேரம் கிடையாது. நாகர்கோவிலில் சுயம்பு அண்ணாச்சியின் கடையில் இருந்த ஆறு ஏசிகளும் அன்றைக்கு ஐந்து நிமிடத்துக்குள் வரிசையாக நின்றுபோயின.

போன் என் காதில்தான் இருந்தது. ஆனாலும் எதிரே உட்கார்ந்து மீன்குழம்புச் சோறு தின்றுகொண்டிருந்த சேவியருக்கும் அண்ணாச்சியின் குரல் தெளிவாகக் கேட்டது. சேவியர் என்னோடு பல வருடமாக வேலை செய்கிறவர், மணக்குடிக்காரர்.

“ஓய் டென்னிசா, நீரு ஏசி மாட்டினீரா, அடுப்பு மாட்டினீரா? பொண்ணு வீட்டுக்காரவிய சேலைப் பெட்டிய எடுத்து விசிறிக்கிட்டு இருக்காவ. மாப்பிள வீட்டுல ஒரு அம்மா தலசுத்தி உக்காந்தாச்சு. சோத்தப் பொறவு தின்னலாம், வாரும்!”

சேவியர் பாதிச் சோற்றில் கையைக் கழுவிவிட்டார்.

தொழிலுக்குப் புதிதாக வருகிறவர்கள் படிக்கட்டும் என்றுதான் இதை எழுதுகிறேன். முப்பத்து மூன்று வருடம் ஏசி வேலை பார்த்தேன். பாதிக்கு மேல் கல்ஃபில், மீதி ஊரில். இப்போது முட்டி வலியால் ஏணி ஏறுவதை விட்டுவிட்டேன். நான் நன்றாகச் செய்த வேலைகளைப் பற்றி எழுதினால் எனக்குச் சந்தோஷமாக இருக்கும், உங்களுக்கு ஒரு பிரயோஜனமும் இருக்காது. அதனால் நான் சொதப்பிய வேலையைப் பற்றி எழுதுகிறேன். அதிலும் ஒரு விசேஷம் உண்டு. நான் சொதப்பினேன் என்று எனக்கே பல வருடம் தெரியாது.

கடைக்குப் போய்ச் சேர்ந்ததும் அண்ணாச்சி தானாகவே நோயைச் சொல்லிவிட்டார். “கேஸ் போயிருக்கும்.” வாடிக்கையாளர்களுக்குத் தெரிந்த ஒரே ஏசி வியாதி இதுதான். தண்ணீர் சொட்டினாலும் கேஸ், சத்தம் போட்டாலும் கேஸ், ரிமோட்டில் பேட்டரி தீர்ந்திருந்தாலும் கேஸ். நம் ஆட்களில் சிலரும் ஆமாம் என்று தலையாட்டிவிட்டு சிலிண்டரை எடுப்பார்கள். அந்தப் பாவத்தை நீங்கள் செய்யாதீர்கள்.

கேஜ் மாட்டிப் பார்த்தேன். கேஸ் குறைந்திருந்தால் பிரஷர் இறங்கியிருக்க வேண்டும். இங்கே முள் மேலே ஏறி நின்றது. ஏசி என்பது குளிரை உண்டாக்கும் மிஷின் இல்லை. அறைக்குள் இருக்கும் சூட்டை எடுத்து வெளியே கொட்டும் மிஷின். கொட்டுகிற வேலை வெளியே நிற்கும் அவுட்டோருடையது. அதனால் கொட்ட முடியாமல் போனால் பிரஷர் ஏறி, கம்ப்ரசர் தன்னைக் காப்பாற்றிக்கொள்ளத் தானாக நின்றுவிடும், அதாவது டிரிப் ஆகும்.

காயிலில் அழுக்கு அடைத்திருக்கும் என்று நினைத்து, பம்ப் வைத்து ஆறையும் கழுவினோம். ஓடியது. அண்ணாச்சி சர்பத் வாங்கித் தந்தார். மறுநாள் அதே ஒன்றரை மணிக்கு மறுபடி நின்றது. மூன்றாம் நாளும் நின்றது. அன்றைக்கு அண்ணாச்சி போனில் கத்தவில்லை. அவர் கத்தாவிட்டால் வேறு ஆளைத் தேட ஆரம்பித்துவிட்டார் என்று அர்த்தம்.

அன்றைக்குத்தான் தெர்மாமீட்டரை எடுத்துக்கொண்டு கடைக்குப் பக்கத்துச் சந்துக்குள் போய் நின்றேன். மெயின் ரோட்டில் முப்பத்தாறு காட்டியது. சந்துக்குள் பத்து அடி வைத்ததும் நாற்பத்தேழு. என் சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டது. இடது பக்கம் அண்ணாச்சி கடைச் சுவரில் ஆறு அவுட்டோர். வலது பக்கம் ரத்தப் பரிசோதனை லேப் கட்டடத்துச் சுவரில் ஐந்து. நடுவில் எட்டே அடி. ஒன்று துப்பிய சூட்டை எதிரே இருந்தது இழுத்துக் குடித்து, இன்னும் சூடாக்கித் திருப்பித் துப்பிக்கொண்டிருந்தது.

பதினொன்றையும் மாட்டியது நான்தான்.

2. எசக்கியக்கா தந்த வேலை

கல்ஃபிலிருந்து நான் திரும்பி வந்தது பதின்மூன்று வருடத்துக்கு முன்னால். கம்பெனி ஆளைக் குறைத்தது, அந்தக் குறைப்பில் நானும் ஒருவன். ஊரில் என் வேலையைப் பற்றி யாருக்கும் தெரியாது. காலையில் சட்டை மாற்றிக்கொண்டு பஜாருக்குப் போவேன், கடை கடையாக ஏறி இறங்குவேன், சாயந்திரம் திரும்பும்போது அந்தச் சந்து முனையில் மனைவிக்கு ஒரு முழம் பிச்சிப்பூ வாங்குவேன். வேலை இல்லாதவன் வெறுங்கையோடு வீடு திரும்பக் கூடாது என்று ஒரு எண்ணம்.

பூ விற்றவர் இசக்கியம்மாள். எல்லாருக்கும் எசக்கியக்கா. விடியற்காலையில் தோவாளைச் சந்தையில் பூ எடுத்து, பஸ்ஸில் கூடையோடு வந்து, ஏழு மணிக்குச் சந்து முனையில் சாக்கு விரித்துவிடுவார். என்னைவிட நாலைந்து வயது மூத்தவர். ஒருநாள் கேட்டார்.

“ஏ மக்கா, தெனமும் பூ வாங்குக. மூஞ்சி மட்டும் செத்த வீட்டுக்குப் போற மாதிரி இருக்கே. வேலைக்கித்தான் போவியா?”

சொன்னேன். அவர் கட்டிக்கொண்டிருந்த பூவை அப்படியே கூடையில் போட்டுவிட்டு எழுந்து, என்னைக் கூட்டிக்கொண்டு ஜவுளிக்கடைக்குள் நுழைந்தார். அண்ணாச்சி அப்போது கடையைப் பெரிதாக்கிக்கொண்டிருந்தார்.

“அண்ணாச்சி, ஏசிக்கு ஆளு பாக்கியளா? இவரு பாரீன்ல வேல பாத்தவரு. நல்ல கைக்காரரு.”

நான் ஒரு ஸ்குரூ திருப்பி எசக்கியக்கா பார்த்ததில்லை. பெண்டாட்டிக்கு நாள் தவறாமல் பூ வாங்குகிறவன் வேலையையும் ஒழுங்காகத்தான் செய்வான் என்று நினைத்தாரோ என்னவோ. ஊரில் எனக்குக் கிடைத்த முதல் ஆர்டர் அது. அதற்குப் பிறகு எனக்கு வேலைப் பஞ்சமே வந்ததில்லை.

அந்தச் சந்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். தெற்கு வடக்காகப் போகும். வடக்கு முனை பஜாரில் திறக்கும், அங்கேதான் அக்கா இருப்பார். தெற்கு முனையில் அப்போது ஒரு தென்னந்தோப்பும், ஆகாயத்தாமரை மூடிய ஒரு சின்னக் குளமும் இருந்தன. மத்தியானம் ஆனால் கடல் பக்கமிருந்து வரும் காற்று தோப்பில் நுழைந்து, குளத்தைத் தடவிக்கொண்டு, சந்துக்குள் புகுந்து அக்காவின் முதுகில் வந்து விழும். கடைப் பெண்கள் சாப்பாட்டு டப்பாவை எடுத்துக்கொண்டு அங்கேதான் வருவார்கள்.

அக்கா பூக்கூடையின் மேல் நனைத்த வேட்டித் துணியைப் போர்த்தி வைப்பார். ஈரத்துணியின் மேல் காற்று பட்டால் உள்ளே குளிர்ந்துவிடும். கல்ஃபில் கூலிங் டவர் என்று மூன்று மாடி உயரத்துக்கு நாங்கள் கட்டி வைத்திருந்ததும் இதைத்தான். பிச்சிக்கு இது மிக முக்கியம். பிச்சியை மொட்டாகத்தான் விற்க வேண்டும். சாயந்திரம் தலையில் வைத்த பிறகு அது விரிய வேண்டும். கூடையிலேயே விரிந்துவிட்டால் யாரும் கையால் தொடமாட்டார்கள். அந்தச் சந்தில் அக்காவின் பிச்சி சாயந்திரம் ஆறு மணி வரைக்கும் வாய் திறக்காது.

இப்படிப்பட்ட இடத்தில் நான் ஆறு அவுட்டோரை மாட்டினேன், அதுவும் நெஞ்சு உயரத்தில். மொட்டை மாடியில் வைத்திருக்கலாம். ஆனால் மாடிக்கு பைப் நீளும், சர்வீசுக்கு ஒவ்வொரு தடவையும் ஏற வேண்டும். சந்தில் என்றால் நின்ற நிலையிலேயே கழற்றலாம், கழுவலாம். “ஏணியே வேண்டாம் அண்ணாச்சி” என்று பெருமையாகச் சொன்னது நினைவிருக்கிறது. என் முட்டிக்கு எது வசதியோ அதைத்தான் நல்ல டிசைன் என்று நினைத்திருந்தேன்.

3. ஒவ்வொன்றும் சரியான வேலைதான்

எதிர்ப்பக்கம் ரத்தப் பரிசோதனை லேப் வந்தது ஐந்து வருடம் கழித்து. நடத்துகிறவர் ஒரு டாக்டரம்மா. அண்ணாச்சிதான் என்னைச் சொல்லி விட்டார். ஐந்து அவுட்டோர். அவற்றையும் சந்திலேயே மாட்டினேன். பிராக்கெட்டுக்கு ரசமட்டம் வைத்துப் பார்த்து, பைப்புக்கு நல்ல இன்சுலேஷன் சுற்றி, பார்த்தவர்கள் பாராட்டும்படி செய்தேன்.

அப்புறம் தெற்கு முனையில் தோப்பை வெட்டினார்கள். குளத்தில் கட்டட இடிபாடுகளைக் கொட்டி நிரவினார்கள். நாலு மாடியில் கண்ணாடி போட்ட காம்ப்ளெக்ஸ் வந்தது. முன்னால் கார் நிறுத்த இன்டர்லாக் கல் பதித்தார்கள். அங்கேயும் ஏசி நான்தான். நல்ல ஆர்டர். அதில்தான் என் மகளின் நர்சிங் படிப்பு முடிந்தது. நான் பொய் சொல்லமாட்டேன், அந்தக் கட்டடத்தைக் கடக்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு நிமிரும்.

தனித்தனியாகப் பார்த்தால் மூன்றிலும் ஒரு குறையும் சொல்ல முடியாது. யார் வந்து செக் பண்ணினாலும் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போவார்கள். மூன்றையும் சேர்த்துப் பார்க்கும் வேலை யாருடையது என்று யாரும் கேட்கவில்லை, நானும் கேட்டுக்கொள்ளவில்லை. கடல்காற்று காம்ப்ளெக்ஸின் முதுகில் முட்டி நின்றுவிட்டது. குளமிருந்த இடம் பகலெல்லாம் வெயிலைக் குடித்து சூடேறியது. நடுவில் என் பதினோரு மிஷினும் சேர்ந்து ஊதின.

நாற்பத்தேழு காட்டிய அன்றைக்கு நான் சந்தை விட்டு வெளியே வந்து வடக்கு முனையைப் பார்த்தேன். சாக்கு இல்லை, கூடை இல்லை. அக்கா அங்கே உட்கார்ந்து எவ்வளவு நாள் ஆயிற்று என்று கடைப் பெண்ணிடம் கேட்டேன்.

“மாசி மாசமே போயிட்டாவளே அண்ணே. ஒங்களுக்குத் தெரியாதா?”

தெரியாது. நான் பைக்கில் வந்து பைக்கில் போகிறவன். மனைவிக்குப் பூ வாங்குவதும் எப்போதோ நின்றுபோயிருந்தது. மிஷின் நின்றால் ஐந்து நிமிடத்தில் எனக்குச் செய்தி வந்துவிடுகிறது. வேலை வாங்கித் தந்த மனுஷி இடம் விட்டுப் போய் இரண்டு மாதம் ஆகியும் எனக்குத் தெரியவில்லை. வெட்கமாக இருந்தது.

4. பஸ் ஸ்டாப்பில்

தேடிப் போனபோது அக்கா பஸ் ஸ்டாப்பின் ஓரத்தில் ஒரு கறுப்புக் குடையைக் கட்டிவைத்து அதன் கீழே இருந்தார். குடை பூவுக்குத்தான். அவர் தலை பாதி வெயிலில் இருந்தது. பக்கத்தில் ஒரு பஸ் உறுமிக்கொண்டே நின்றது.

“வந்தியா மக்கா, வா. கூட்டம் பாத்துக்கோ, கூடைய மிதிச்சிராத.”

“அக்கா, அங்கேருந்து ஏன் வந்திய?”

“அங்க இருக்க முடியுமா? பிச்சி பன்னெண்டு மணிக்கே வாயத் தொறந்திருது. விரிஞ்ச பூவ யாரு வாங்குவா? பாதிக்குப் பாதி சாக்கடையில கொண்டு களைஞ்சேன். பொறவு சவம் எதுக்குன்னு எந்திரிச்சிட்டேன்.”

“இங்க நிக்குதா?”

“இங்கேயும் பன்னெண்டு மணிதான். ஆனா இங்க ஆளு வருகு, வெள்ளென வித்துப்போட்டுப் போயிருவேன். கல்யாண ஆர்டரு ஒண்ணும் இப்ப எடுக்கதில்ல. சாயந்திர ரிசப்சனுக்கு மொட்டா குடுக்க முடியல்லன்னா நம்ம பேருதான் கெட்டுப்போவும்.” கை மட்டும் நிற்காமல் நாரில் பூவைக் கட்டிக்கொண்டே இருந்தது. “மூத்தவளுக்கு இந்த வருசம் முடிச்சிரலாம்னு இருந்தேன். பாப்போம். கல்யாண ஆர்டருலதான் நாலு காசு நிக்கும்.”

அவருடைய கவலை என்னவென்று அப்போதுதான் எனக்கு முழுதாகப் புரிந்தது. பஸ் ஸ்டாப்பில் அன்றாடம் கஞ்சிக்கு ஓடும். மகளின் கல்யாணம் அந்தச் சந்தில்தான் இருந்தது.

“எல்லாம் நான் மாட்டின மிஷின்தான் அக்கா” என்றேன்.

“தெரியும்லா. நீ மாட்டும்போது நான்தான ஒனக்கு டீ வாங்கித் தந்தேன்.” சிரித்தார். “ஒன்னிய என்ன சொல்ல? அவிய கேட்டாவ, நீ மாட்டின. போ, வெயில்ல நிக்காத.”

திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

5. என் வீட்டுப் பின்சுவர்

அன்றைக்கு வீட்டுக்கு வந்ததும் செருப்பைக்கூடக் கழற்றாமல் வீட்டைச் சுற்றிப் பின்பக்கம் போனேன். எங்கள் படுக்கையறை ஏசியின் அவுட்டோர் பின்சுவரில் இருக்கிறது. அதற்கு நேர் எதிரே, நாலடி தள்ளி, பக்கத்து வீட்டுச் சமையலறை ஜன்னல். கதவு இறுக மூடி, இடுக்கில் செய்தித்தாளை மடித்துச் சொருகியிருந்தார்கள். தாள் மஞ்சளாகிப் பொடிந்திருந்தது.

பக்கத்து வீட்டு ரோஸ்லெட் டீச்சரைக் கூப்பிட்டுக் கேட்டேன். சொல்லவே அவருக்குக் கூச்சமாக இருந்தது.

“அத நாங்க தொறக்கியதே இல்ல அண்ணே. நீங்க ஏசி போட்ட வருசம் மூடினது. ஒரே சபையில இருக்கோம், இத வந்து எப்பிடிச் சொல்லியதுன்னு விட்டாச்சு.”

மறுநாளே சேவியரைக் கூட்டி வந்து அதை மாடிக்குத் தூக்கினேன். தூக்கும்போது சேவியர் கேட்டார், “அண்ணே, இப்பிடி நாம மாட்டினது ஊரெல்லாம் எத்தன இருக்கும்?” நான் அவரிடம் எரிந்து விழுந்தேன். உண்மையில் அதே கேள்வியைத்தான் நானும் எனக்குள் கேட்டுக்கொண்டிருந்தேன்.

6. ஐந்து முழம்

அண்ணாச்சியிடம் போவதற்கு முன் சந்தை ஒழுங்காக அளக்க நினைத்தேன். அக்காவிடம் சொன்னபோது அவர் என் தெர்மாமீட்டரை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“இது நம்பர் சொல்லும். பூ என்ன செய்யும்னு சொல்லுமா?”

பூக்காரர்களுக்கு இடம் பார்ப்பதற்கென்று ஒரு முறை இருக்கிறதாம். புதிய இடத்தில் உட்காருவதற்கு முன்னால் அங்கே ஒரு முழம் பிச்சியைக் கட்டித் தொங்கவிடுவார்கள். எத்தனை மணிக்கு விரிகிறதோ, அதுதான் அந்த இடத்துக்குக் கடை அடைக்கிற நேரம். அக்கா பஜாரில் ஏழு மூலைகளில் தொங்கவிட்டுப் பார்த்துத்தான் அந்தச் சந்தையே பிடித்திருந்தார். நான் ஆணி அடிப்பதற்கு முன் ரசமட்டம் மட்டும்தான் பார்த்தேன்.

அடுத்த நாள் காலை ஒரே கூடையில் எடுத்த பிச்சியை ஐந்து முழமாகக் கட்டினார். ஒன்று அவருடைய பழைய இடத்தில், ஒன்று சந்தின் நடுவில் மிஷின்களுக்கு இடையே, ஒன்று தெற்கு முனையில், ஒன்று அண்ணாச்சி கடை மொட்டை மாடியில் கைப்பிடிச்சுவர் நிழலில், ஒன்று பஸ் ஸ்டாப்பில். கடைப் பையன்களும் பெண்களும் வேடிக்கை பார்த்தார்கள். “ஏசிக்குப் பூசையா அண்ணே?” என்று ஒருத்தி கேட்டாள். நான் மணிக்கொரு தடவை சுற்றி வந்தேன்.

நடுச்சந்தில் தொங்கியது பதினொன்றுக்கு முன்பே விரிந்து ஓரம் கருகியது. பழைய இடத்திலும் பஸ் ஸ்டாப்பிலும் பன்னிரண்டு. அவை நான் எதிர்பார்த்தவைதான். எதிர்பாராதது தெற்கு முனை. அங்கே கீழே மிஷின் ஒன்றும் கிடையாது, காம்ப்ளெக்ஸின் மிஷின்கள் எல்லாம் நாலாம் மாடிக்கு மேலே. இருந்தும் பன்னிரண்டரைக்கு விரிந்துவிட்டது. அக்கா குனிந்து இன்டர்லாக் கல்லில் கையை வைத்து, வைத்த வேகத்தில் எடுத்தார்.

“இங்கதான மக்கா குளம் கெடந்துது” என்றார்.

மொட்டை மாடியில் கட்டியது மட்டும் மூன்று மணி தாண்டியும் மொட்டாகவே நின்றது. உயரத்தில் கடல்காற்று இன்னும் வந்துகொண்டுதான் இருந்தது. சூட்டைக் கொட்ட வேண்டிய இடம் அதுதான் என்பது எனக்கு வேறு கணக்கே தேவைப்படாமல் தெரிந்துவிட்டது.

7. இரண்டு முதலாளிகள்

அண்ணாச்சியிடம் முதலில் மிஷின் பாஷையில் பேசினேன். இப்படியே டிரிப் ஆனால் கம்ப்ரசர் போய்விடும், மாடிக்கு மாற்றினால்தான் பிழைக்கும் என்றேன். ஒத்துக்கொண்டார். அதோடு நிறுத்தியிருக்கலாம். வாய் சும்மா இருக்கவில்லை, எசக்கியக்காவைப் பற்றியும் சொல்லிவிட்டேன்.

“அப்போ பூக்காரிக்கு வேண்டியா நான் ஆறு மிசினையும் தூக்கணும்?”

எனக்குக் கோபம் வந்துவிட்டது. “அண்ணாச்சி, எனக்கு ஒம்ம கடையக் காட்டித் தந்ததே அவங்கதான். ஒம்ம கடையில கல்யாணச் சேலை எடுத்துட்டு வெளிய எறங்கியவிய மொதல்ல நின்னது அவங்க கூடைக்கு முன்னாலதான். அவங்க ஒம்ம வாசல்ல இருந்தது ஒமக்கும் ஒரு ஐசுவரியம். இப்ப வாசல்ல நிக்கது அனலு. கூலி வேண்டாம், பைப்பும் கம்பியும் மட்டும் வாங்கித் தாரும்.”

அண்ணாச்சி மேஜைமேல் இருந்த பில் புத்தகத்தை நேராக்கி வைத்தார். அப்புறம், “கூலி வேண்டாங்காரு. பெரிய தர்மப்பிரபு! ஆளுக்குச் சாப்பாடு என் வீட்டுலருந்து வரும், கூலியும் வாங்கிக்கிட்டுத்தான் போவணும்” என்றார். அண்ணாச்சி சம்மதம் சொல்கிற விதம் அது.

லேப் டாக்டரம்மா கடினம். அவருடையவை ஐந்து வருடம் புதியவை, இன்னும் டிரிப் ஆகவில்லை. ஜவுளிக்கடையின் ஆறும் போய்விட்டால் இன்னும் நன்றாகவே ஓடும். “எனக்கு என்ன பிரச்சனை டென்னிசன்? வேலை நடக்கிற இடம். ரெண்டு நாள் மூடினா டெஸ்டெல்லாம் நின்னுடும்” என்றார். நியாயமான பேச்சுதான். எழுந்து வரும்போது அவரே கேட்டார்.

“ஆமா, சந்து முனையில ஒரு பூக்காரம்மா இருப்பாங்களே, சாயந்திரம் காரை நிறுத்தி வாங்குவேன். இப்போ காணோமே, உடம்பு சரியில்லையா?”

“நம்ம ரெண்டு பேருந்தான் மேடம் அவங்கள அனுப்பினது” என்றேன்.

அவருக்குப் புரியவில்லை. சந்துக்குள் ஐந்து நிமிடம் வந்து நின்று பாருங்கள் என்று கேட்டுக்கொண்டேன். அவர் காரில் வந்து முன்வாசலில் இறங்கி முன்வாசலிலேயே ஏறுகிறவர், தன் கட்டடத்தின் பக்கச் சுவரை அதுவரை நேரில் பார்த்ததே இல்லை. இரண்டு மணி வெயிலில், வெள்ளைக் கோட்டோடு வந்து நடுவில் நின்றார். அவருடைய ஐந்து மிஷினும் அவர்மேலேயே ஊதின. மூன்று நிமிடம் நின்றிருப்பார். கண்ணாடியைக் கழற்றி முகத்தைத் துடைத்தார்.

“ஞாயிற்றுக்கிழமை லேப் லீவு. அன்னைக்கு எடுத்துடுங்க.”

இரண்டு ஞாயிற்றுக்கிழமை, ஆராதனை முடிந்ததும் சட்டையை மாற்றிக்கொண்டு வேலை பார்த்தோம். பதினொன்றையும் கயிறு கட்டி மாடிகளுக்குத் தூக்கினோம். இந்தத் தடவை மாட்டுவதற்கு முன் மாடியில் நின்று சுற்றிலும் பார்த்தேன். எந்த ஜன்னல் எங்கே இருக்கிறது, யார் வீட்டு மாடியில் துணி காய்கிறது என்று பார்த்து, ஸ்டாண்டை உயர்த்தி, காற்று ஆகாயத்தைப் பார்த்துப் போகும்படி வைத்தேன். என் முட்டி போனது அந்த வேலையில்தான். அதற்காக வருத்தமில்லை.

8. நாலு மணி

மிஷின்கள் போன அடுத்த திங்கட்கிழமை அக்கா பழைய இடத்தில் ஒரு முழம் கட்டித் தொங்கவிட்டார். நான் அன்றைக்கு வேறு வேலை எதுவும் எடுக்கவில்லை. எதிர் டீக்கடையிலேயே உட்கார்ந்திருந்தேன். பன்னிரண்டு தாண்டியது. இரண்டு தாண்டியது. மூன்று மணிக்கு மொட்டு மொட்டாகவே இருந்தது. எனக்கு எழுந்து ஆட வேண்டும் போல இருந்தது. நாலு மணிக்கு முதல் மொட்டு வாய் திறந்தது, நாலேகாலுக்குள் சரம் முழுக்க விரிந்துவிட்டது.

பக்கத்தில் போய், “முன்னால ஆறு மணி வரைக்கும் நின்னுதே அக்கா” என்றேன்.

“அந்த ரெண்டு மணிக்கூறு தோப்புக்கும் குளத்துக்கும் உள்ளது மக்கா. அத நீ எங்கேருந்து கொண்டு வருவ?”

நான் காம்ப்ளெக்ஸ் மானேஜரிடமும் போனேன். இன்டர்லாக் கல்லில் இரண்டு வரிசையைப் பெயர்த்துவிட்டு மரம் வைக்கலாமே என்று கேட்டேன். நாலு கார் நிறுத்தும் இடம் போய்விடும் என்றார். இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறேன், அவரும் அதே பதிலைச் சொல்லிக்கொண்டிருக்கிறார். மிஷினை மாட்டியவன் மிஷினைக் கழற்ற முடிந்தது. மூடிய குளத்தை எந்த டெக்னீஷியனாலும் சர்வீஸ் பண்ண முடியாது. அதன்மேல் கல் பதித்தபோது அந்தக் கட்டடத்தில் மேலே பைப் இழுத்துக்கொண்டிருந்தவர்களில் நானும் ஒருவன் என்பதை இங்கே எழுதி வைக்கிறேன்.

அதன் பிறகு நான் போன ஒவ்வொரு வேலையிலும் ஆணி அடிப்பதற்கு முன், அவுட்டோர் ஊதப்போகும் இடத்தில் மத்தியான வெயிலில் பத்து நிமிடம் நின்றேன். எதிரே யார் இருக்கிறார்கள் என்று கேட்டேன். கேட்டதற்காகச் சில வாடிக்கையாளர்கள் வேறு ஆளை வைத்துக்கொண்டார்கள். பரவாயில்லை. தொழிலுக்கு வருகிறவர்கள் என்னிடமிருந்து இந்த ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டால் போதும். உள்ளே எத்தனை டன் வேண்டும் என்று கணக்குப் போடுகிறோம். அத்தனை டன்னும் வெளியே ஒருவர் தலையில் போய் இறங்குகிறது. அவர் யார் என்று பார்த்துவிட்டு டிரில்லிங் மிஷினை எடுங்கள்.

அக்கா மறுபடி அந்தச் சந்து முனையில்தான் இருக்கிறார். நாலு மணிக்குள் நடக்கும் கல்யாணங்களுக்கு மட்டும் ஆர்டர் எடுக்கிறார், ரிசப்ஷன்களை வேறு ஆளுக்கு விட்டுவிட்டார். மூத்த மகளின் கல்யாணம் அடுத்த வருடத்துக்குத் தள்ளிப்போய், அந்த வருடமே நன்றாக நடந்தது. மண்டபத்தில் ஏசி இருந்தது. நான் சாப்பிட்டுவிட்டு, பின்பக்கம் போய் ஒரு தடவை பார்த்துவிட்டு வந்தேன்.

மனைவிக்குப் பூ வாங்குவதை மறுபடி ஆரம்பித்துவிட்டேன். தினமும் அக்காவிடம்தான். நாலு மணிக்கு முன்னால் போய்விடுகிறேன்.